உங்களுக்குத் தெரியுமா? உள்ளங்காலில் எண்ணெய்ச் சுரப்பி கிடையாது!

உடலின் பெரும்பாலான இடங்களில் தோலைப் பதமாக வைக்கும் எண்ணெய்ச் சுரப்பிகள் உள்ளங்காலில் இல்லை. அங்கே இருப்பவை வியர்வைச் சுரப்பிகள்தான். அதனால்தான் குதிகால் சீக்கிரம் வறண்டு வெடிக்கிறது. அழுத்தமும் உராய்வும் தொடர்ந்தால் தோல் தன்னைக் காத்துக்கொள்ளத் தடிக்கும். கூலிம், பீடோங் பக்க ரப்பர்த் தோட்டங்களில் இருட்டோடு பால் வெட்டப் போனவர்களின் காய்த்த பாதங்கள் உழைப்பின் தழும்புகள். அவற்றை அசிங்கமென்று சொல்லவே கூடாது.

பாதங்களை இளஞ்சூட்டு நீரில் பத்து நிமிடம் ஊறவைத்து, நுரைக்கல்லால் மெல்லத் தேய்த்து, துடைத்த உடனே யூரியா கலந்த கிரீம் பூசுங்கள். 10 விழுக்காடு யூரியா ஈரம் காக்கும். 20 விழுக்காட்டுக்கு மேல் என்றால் தடித்த தோலையே இளக்கும். விரலிடுக்கில் மட்டும் பூச வேண்டாம்.

இனிப்புநீர் உள்ளவர்கள் கூடுதல் கவனமாக இருக்க வேண்டும். 2019 தேசிய சுகாதார ஆய்வின்படி மலேசியப் பெரியவர்களில் 18.3 விழுக்காட்டினருக்கு இந்நோய் இருந்தது, இந்தியர்களிடையே 31.4 விழுக்காடு. நரம்பு மரத்த காலில் புண் வந்தாலும் வலி தெரியாது. தடித்த தோலைப் பிளேடால் சீவாதீர்கள், கடையில் விற்கும் கால் ஆணி பிளாஸ்டரும் ஒட்டாதீர்கள். ஆண்டுக்கு ஒரு முறையாவது அரசு கிளினிக்கில் பாதத்தைப் பரிசோதிக்கச் சொல்லிக் கேளுங்கள்.