மாயமாய் மறையும் கள்வன்

கண்ணாற் கண்டதே மெய் என்பர் உலகத்தார். ஒளிப்படக் கருவியோ கண்ணினும் சிறந்த சாட்சியெனப் போற்றப்பட்டது. அச்சாட்சியும் பொய் புகலும் என்பதைப் பேசாப்படங்களின் தொடக்க காலத்துக் குற்றக்கதைகள் நமக்கு நன்கு விளக்குகின்றன.

அவற்றுள் ஒன்று 1900இல் அமெரிக்காவில் எடுக்கப்பெற்ற 'திகைத்த ஷெர்லாக் ஹோம்ஸ்' என்னும் பொருளுடைய தலைப்புக் கொண்ட சிறு படம். ஏறக்குறைய அரை நிமிடமே ஓடும் இது, ஹோம்ஸ் தோன்றும் படங்களுள் நாம் அறிந்தவற்றில் மிகப் பழையது. கள்வன் ஒருவன் வெள்ளிப் பாத்திரங்களை மூட்டையிலிடுகின்றான். ஹோம்ஸ் வந்து தோளைத் தொட, அவன் மறைகின்றான், மீண்டும் தோன்றுகின்றான், துப்பாக்கியாற் சுட, மறுபடியும் மறைகின்றான். இறுதியில் ஹோம்ஸின் கையிலிருந்த மூட்டையும் கள்வன் கைக்கு மாற, அவன் பலகணி வழியே தப்பிச் செல்கின்றான். அறிவே ஆயுதமாகக் கொண்டவர் செய்வதறியாது நிற்கின்றார்!

இவ்விந்தை நிகழ்வது எங்ஙனம்? கருவியின் ஓட்டத்தை நிறுத்துவர். மற்றவர் அசையாதிருக்க, கள்வனாக நடிப்பவன் மாத்திரம் விலகுவான். பின்னர்க் கருவி மீண்டும் ஓடும். இடையிற் கழிந்த நேரம் படச்சுருளிற் பதியாமையின், அவன் இமைப்பொழுதில் மறைந்தானெனக் காண்போர் மயங்குவர். 1895இல் எடிஸன் நிறுவனத்தார் ஸ்காத்லாந்து அரசி மேரியின் சிரச்சேதத்தைப் படமாக்கியபோது, கோடரி வீழுமுன் நடிகருக்குப் பதிலாகப் பொம்மையை வைத்ததும் இம்முறையாலேயே. பிரான்சு தேசத்து ஜார்ஜ் மெலியே, மேடையில் மாயவித்தை காட்டி வந்தவர், 1896 முதல் இதனைப் பெருங்கலையாக வளர்த்தார்.

1913இல் லூயி ஃபெயாட் பிரான்சில் இயக்கிய 'ஃபாந்தோமாஸ்' படத்தில் இவ்வித்தை வேறொரு பயன் பெற்றது. பல வேடம் புனையும் அக்கொடியோன் தூக்குமேடைக்கு நிகரான கில்லட்டினுக்குத் தப்பிவிடுகின்றான். துப்பறியும் ஜூவ் தனித்திருக்கையில், முகமூடியணிந்த அவனுருவம் எதிரே தோன்றுகின்றது. பற்ற முயலுங்கால் மறைகின்றது. முன்னைய படத்தில் கள்வன் அறையினின்று மறைந்தான், காண்போர் நகைத்தனர். இங்கோ அவ்வுருவம் ஜூவின் மனத்தினின்றும் எழுந்தது. தோல்வியுற்ற ஒருவரின் ஆற்றாமையை நாம் உணர்கின்றோம்.

இவ்விரு படங்களிலும் கருவி தன்முன் நின்றதையே பதிவு செய்தது. பொய் பிறந்தது, அது காணாது விட்ட இடைவெளியில். ஆதலின், எப்படத்தையும் சான்றாகக் கொள்ளுமுன், அது காட்டியது யாது என்பதோடு, காட்டாது விடுத்தது யாது என்றும் வினவுதல் கற்றோர் கடனாம்.