தவிலடிக்கு ஒரு க்ளீன் கம்ப்ரஸர்

நாமக்கல் மாவட்டம் கொல்லிமலையில் ஆண்டுதோறும் ஆடி மாதம் வல்வில் ஓரி விழா நடக்கிறது. அங்கே ஒரு நாதஸ்வர, தவில் செட்டை ஒலிப்பதிவு செய்வதாக வைத்துக்கொள்வோம். தவிலின் இடப்பக்கத் தோலான தொப்பியில் கழி விழுந்ததும் லெவல் மீட்டர் உச்சிக்குப் போகும். நாதஸ்வரம் மெல்ல இழையும்போது கீழே இறங்கிவிடும். போனில் கேட்பவருக்குத் தவில் காதைக் கிழிக்கும், நாதஸ்வரம் காதில் விழாது. ஒலிப்பதிவாளர் ஃபேடரில் விரலை வைத்து ஏற்றி இறக்கிச் சரிசெய்யலாம். விரலால் முடியாத வேகத்தில் அதைச் செய்வதுதான் கம்ப்ரஸர்.

த்ரெஷோல்ட் என்னும் எல்லை −14 டெசிபல், ரேஷியோ 2:1 என்று வையுங்கள். −8 வரை எகிறும் ஒலி 6 டெசிபல் எல்லை மீறுகிறது. அதில் பாதியைத்தான் கம்ப்ரஸர் விடும். வெளியே வருவது −11.

1960களின் எல்ஏ-2ஏ போன்ற கருவிகளில் வால்வும் ட்ரான்ஸ்ஃபார்மரும் இருந்தன. ஒலியை அடக்கும்போதே தங்கள் நிறத்தையும் அவை கொஞ்சம் பூசிவிடும். ரீப்பர் என்ற ஒலிப்பதிவு மென்பொருளுடன் வரும் ரியாகாம்ப், ஃபேப்ஃபில்டர் ப்ரோ-சி 2-இல் உள்ள ‘க்ளீன்’ ஸ்டைல் போன்றவற்றில் அந்தப் பூச்சு இல்லை. நடப்பது பெருக்கல் மட்டும். தவில் தோலுக்கும் நாதஸ்வரச் சீவாளிக்கும் இருக்கிற நிறமே போதும் என்பதால் நான் இவற்றையே எடுப்பேன்.

ஆனால் ‘க்ளீன்’ என்று தேர்ந்தெடுத்தால் மட்டும் ஒலி சுத்தமாகிவிடாது. தொப்பியின் அடித்தொனி, ஒரு பேச்சுக்கு, 80 ஹெர்ட்ஸ் என்றால் ஓர் அலைக்கு 12.5 மில்லிசெகண்ட். அட்டாக் (ஒலியை அடக்க எடுக்கும் நேரம்), ரிலீஸ் (விடுவிக்க எடுக்கும் நேரம்) இரண்டையும் அதைவிட மிகவும் குறைத்தால், கம்ப்ரஸர் அடியை விட்டுவிட்டு ஒவ்வோர் அலையின் மேடுபள்ளத்தையும் நசுக்கத் தொடங்கும். அலையின் வடிவம் கெட்டால் வாத்தியத்தில் இல்லாத ஹார்மோனிக்ஸ் முளைக்கும். காதுக்கு அது கரகரப்பு. அட்டாக் 10, ரிலீஸ் 120 மில்லிசெகண்டில் தொடங்கிக் காதால் திருத்துங்கள். கழி படும் ‘டக்’ தப்பிவிடும், பின்னால் வரும் முழக்கம் அடங்கும். வரப்போகும் அடியை முன்கூட்டியே பார்க்கும் லுக்-அஹெட் வசதி இங்கே வேண்டாம். அந்த ‘டக்’கையும் அது மழுக்கிவிடும்.

இறங்கியதை ஈடுகட்ட மேக்கப் கெயினை 3 டெசிபல் ஏற்றினால், அடிகளுக்கு நடுவிலுள்ள இரைச்சலும் 3 டெசிபல் ஏறும். கொல்லிமலையின் ஆகாய கங்கை அருவிப் பக்கம் பதிவு செய்தால் இது நன்றாகவே தெரியும்: ஒவ்வோர் அடிக்கும் அருவி அமுங்கி எழும். எந்த க்ளீன் ஸ்டைலும் இதைத் தடுக்காது. கார்டியாய்ட் மைக்கை வாத்தியத்துக்கு நெருக்கமாக, முதுகு அருவியைப் பார்க்கும்படி நிறுத்துங்கள். மிக்ஸில் கெயின் ரிடக்‌ஷன் 3, 4 டெசிபலைத் தாண்டினால் ரேஷியோவைக் குறையுங்கள்.