டிராக்டர் சக்கரத்தைக் கழற்றும் முறை

தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுச் சங்கங்களில் சில, டிராக்டர் வாங்கி அங்கத்தினர்களுக்கு வாடகைக்கு விட்டு வருகின்றன. அச்சங்கங்களின் இருப்புப் பதிவேட்டைப் பார்வையிடும்போது ஜாக்கி, ஸ்பானர், கேஜ் வீல் முதலியன பதியப்பட்டிருக்கக் காண்கிறோம். ஜாக்கிக்குத் துணையாக இருக்க வேண்டிய மரக்கட்டைகளைப் பெரும்பாலும் காண்பதில்லை. சொற்ப விலையுள்ள இக்கட்டைகள் ஓட்டுநரின் உயிரைக் காக்க வல்லவை. ஆதலின் அவற்றின் உபயோகத்தை இங்கு விளக்க முற்படுகிறோம்.

1934-இல் நிறைவுற்ற மேட்டூர்த் திட்டத்தின் அங்கமான கல்லணைக் கால்வாய், நமது புதுக்கோட்டை மாவட்டத்தில் நாகுடி, ஆவுடையார்கோயில் பக்கங்களில் கடைமடையாக முடிகிறது. கடைமடைக்குத் தண்ணீர் வந்து சேர்ந்தவுடன் எல்லோருக்கும் ஒரே சமயத்தில் சேற்றுழவு தேவைப்படுகிறது. சேற்றுழவுக்கு ரப்பர்ச் சக்கரத்தைக் கழற்றிவிட்டு இரும்பாலான கேஜ் வீலை மாட்டுவதுண்டு. கேஜ் வீலுடன் தார்ச்சாலையில் சென்றால் சாலை பாழாகும். எனவே வயலோரத்திலேயே சக்கரத்தை மாற்ற நேரிடுகிறது. ஈர மண், அவசரம் ஆகிய இரண்டும் சேருமிடத்தில்தான் அபாயம் தோன்றுகிறது.

ஜாக்கியின் வேலை தூக்குவது மட்டுமே. தாங்கி நிற்பது அதன் வேலையன்று. எண்ணெய் ஜாக்கியில் உள்ள வளையம் தேய்ந்திருந்தால் எண்ணெய் கசிந்து, பாரம் தானாகவே இறங்கிவிடும். அடியிலுள்ள மண் அமிழ்ந்தால் ஜாக்கி சாய்ந்துவிடும். ஏறத்தாழ இரண்டு டன் எடையுள்ள யந்திரம் அவ்வாறு இறங்குமாயின், கையை இழுத்துக்கொள்ளவும் அவகாசம் இராது.

முதலாவதாக இடத்தைக் கவனிக்க வேண்டும். வரப்பையும் ஈர மண்ணையும் தவிர்த்து, களம் போன்ற சமமான கெட்டித் தரையில் வண்டியை நிறுத்துதல் நலம். ஜாக்கியின் அடியில் அகன்ற, கனமான பலகை ஒன்றை இடுக. செங்கல் பாரத்தில் நொறுங்கக்கூடியது; அதை ஒருபோதும் வைக்கலாகாது.

இரண்டாவதாக, கலப்பையைத் தரையில் இறக்கி, எஞ்சினை நிறுத்திச் சாவியை எடுத்துவிட்டு, கைப்பிரேக்கைப் போடுக. கியரில் நிறுத்தியிருப்பதை மட்டும் நம்பலாகாது. ஒரு பின்சக்கரம் தரையை விட்டு எழும்பியதும், டிஃபரன்ஷியல் என்னும் பற்சக்கர அமைப்பின் காரணமாக அது ஒரு திசையிலும் தரையிலுள்ள சக்கரம் எதிர்த் திசையிலும் சுழல முடியும், வண்டியும் நகர்ந்துவிடும். ஆகவே தரையிலிருக்கும் சக்கரங்களுக்கு முன்னும் பின்னும் முட்டுக்கட்டை கொடுப்பது அவசியம். மேலும், டிராக்டரின் முன் அச்சு நடுவில் ஒரே முளையில் ஊசலாடும்படி அமைந்தது. பின்புறத்தைத் தூக்கினால் வண்டி பக்கவாட்டில் சாயக்கூடும். முன் அச்சுக்கும் வண்டியின் உடலுக்கும் இடையே இருபுறமும் மர ஆப்புகளை இறுக்கிவிட்டால் இந்த ஆட்டம் நின்றுவிடும்.

மூன்றாவதாக, சக்கரம் தரையில் இருக்கும்போதே நட்டுகளை அரைச் சுற்று மட்டும் தளர்த்துக. தூக்கிய பின் பலங்கொண்டு ஸ்பானரை இழுத்தால் வண்டி ஜாக்கியிலிருந்து நழுவ இடமுண்டு. பிறகு கழற்ற வேண்டிய சக்கரத்தின் அருகே, பின் அச்சுக் கூட்டின் அடியில் ஜாக்கியை வைத்து, சக்கரம் தரையை விட்டு இரண்டு விரற்கடை எழும்பும் அளவுக்கு மட்டும் தூக்குக. உடனே அச்சுக் கூட்டின் அடியில் கனத்த மரக்கட்டைகளைக் குறுக்கும் நெடுக்குமாக அடுக்கி, ஜாக்கியை மெதுவாகத் தளர்த்திப் பாரத்தைக் கட்டைகளின் மேல் அமர்த்துக. இரும்புத் தாங்கி இருப்பின் இன்னும் சிறப்பு. பாரம் அமர்ந்த பின்னரே நட்டுகளை முற்றிலும் கழற்றலாம். மேலேயுள்ள நட்டைக் கடைசியில் எடுக்க வேண்டும்.

பின்சக்கரத்தைத் தனியொருவர் கையாளலாகாது. பிடிப்புக்காக ட்யூபில் தண்ணீர் நிரப்பியிருந்தால் அது நூறு லிட்டருக்கு மேலும் இருக்கக்கூடும். அத்தனை கிலோ எடையும் சக்கரத்தோடு சேரும். இருவர் பிடித்து உருட்டிச் செல்க. அது சாயக்கூடிய பக்கத்தில் எவரும் நிற்கலாகாது. ஒரு பக்கம் கேஜ் வீலை மாட்டி முடித்த பிறகே மறுபக்கத்தைத் தொட வேண்டும்.

மாட்டும்போது நட்டுகளை எதிரெதிராக, சிறிது சிறிதாக இறுக்குக. பாவின் இழுவிசை ஒரு பக்கம் மட்டும் மிகுந்தால் துணி கோணலாவதை நெசவாள அங்கத்தினர்கள் அறிவர், சக்கரமும் அத்தகையதே. வண்டியைத் தரையில் இறக்கியபின் முழுதும் இறுக்கி, ஒரு மணி நேரம் உழுத பின் மீண்டும் ஒருமுறை சோதித்தல் நன்று.

நிர்வாகக் குழுவினருக்கு ஒரு யோசனை. வாடகை மணிக் கணக்கில் ஓடுவதால், சக்கரம் மாற்றும் நேரத்தையும் தம் தலையில் ஏற்றுவார்களோ என்று அங்கத்தினர் ஓட்டுநரை அவசரப்படுத்துகின்றனர். அந்நேரத்தை வாடகையில் சேர்ப்பதில்லை எனத் தீர்மானம் நிறைவேற்றிவிட்டால் இந்த அவசரம் ஒழியும். தாங்குகட்டை, முட்டுக்கட்டை, ஆப்பு ஆகியவற்றை வாங்கி இருப்பில் பதிந்து, வண்டியோடு அனுப்புவதும், ஓட்டுநருக்குத் துணையாள் ஒருவரை அமர்த்துவதும் சங்கத்தின் கடமையாகும். உழவு அரை மணி தாமதித்தால் நாற்று காத்திருக்கும். ஓட்டுநருக்கு ஊனம் நேர்ந்தால் எந்த நிதியாலும் அதை ஈடு செய்ய இயலாது.