சாரையா, நல்ல பாம்பா? கம்பை எடுக்கும் முன் அடையாளம் பாருங்கள்

நெல் தூர் கட்டியதிலிருந்து களத்துமேட்டுக்கு வந்து சேரும் வரை உழவர்களுக்கு ஓயாத தொல்லை கொடுப்பவை எலிகள். வரப்பில் வளை தோண்டி, தூரை அடியோடு கடித்து, கதிரை வளைக்குள் இழுத்துச் சேர்த்துவிடுகின்றன. இவற்றை ஒழிக்கக் கிட்டி வைக்கிறோம், மருந்து வைக்கிறோம், செலவு செய்கிறோம். அதே வயலில், வளைக்குள் தலையை நுழைத்து எலியையும் அதன் குஞ்சுகளையும் விழுங்கும் பிராணி ஒன்று கூலியில்லாமல் வேலை செய்கிறது. அதுதான் சாரைப் பாம்பு. ஆனால், வரப்பில் அதைக் கண்டதும் கம்பைத் தேடுவதே நம்மில் பலருடைய வழக்கம்.

அது நல்ல பாம்பாக இருந்துவிட்டால் என்ன செய்வது என்ற பயமே இதற்குக் காரணம். பயம் நியாயமானதுதான். இந்தியாவில் 2000 முதல் 2019 வரை 20 ஆண்டுகளில் பாம்புக் கடியால் சுமார் 12 லட்சம் பேர், அதாவது ஆண்டுக்குச் சராசரி 58,000 பேர், இறந்திருக்கலாம் என்று 2020-ல் வெளியான ஆய்வு ஒன்று மதிப்பிட்டது. இவர்களில் பெரும்பாலோர் கிராமத்து மக்கள்.

ஆகவே, இரண்டு தவறுகளைத் தவிர்க்க வேண்டும். நல்ல பாம்பு என்று நினைத்துச் சாரையைக் கொல்வது ஒரு தவறு. அதனால் லாபம் எலிக்கு. சாரைதானே என்று நினைத்து நல்ல பாம்பின் பக்கத்தில் போவது இன்னொரு தவறு. அதனால் நஷ்டம் நம் உயிருக்கு. இரண்டையும் தவிர்க்க, சாரையின் அடையாளங்களை உழவர்கள் தெரிந்து வைத்திருப்பது அவசியம்.

நிறத்தை மட்டும் நம்பாதீர்கள்

மஞ்சட்சாரை, கருஞ்சாரை என்று ஊருக்கு ஊர் பிரித்துச் சொல்வார்கள். இவை தனித்தனி இனங்கள் அல்ல. ஒரே சாரை இனத்தில் வெளிர் மஞ்சள், பசுமை கலந்த பழுப்பு, சாம்பல், ஏறக்குறைய முழுக் கறுப்பு என்று பல நிறங்கள் உண்டு. நல்ல பாம்பிலும் மஞ்சள், பழுப்பு, கறுப்பு ஆகிய நிறங்கள் இருக்கின்றன. போதாததற்கு, சட்டை உரிக்கும் நாள் நெருங்கும்போது எந்தப் பாம்பும் மங்கித் தெரியும். உரித்த பின் பளிச்சென்று இருக்கும். நடவு வயலில் சேறு பூசிக்கொண்டு போகும் பாம்புக்குச் சேற்றின் நிறமே நிறம்.

எனவே, "மஞ்சளாக இருந்தது, சாரைதான்" என்றோ, "கறுப்பாக இருந்தது, நாகம்தான்" என்றோ முடிவு கட்டுவது சரியல்ல. உடலின் நிறத்தைவிட, எந்த இடத்தில் என்ன கோடு இருக்கிறது என்பதே முக்கியம்.

பின்பாதியில் வலைக்கோலம்

வளர்ந்த சாரையின் முன்பாதி பெரும்பாலும் கோடு, புள்ளி எதுவுமின்றி ஒரே நிறமாக இருக்கும். நடு உடலைத் தாண்டியதும் கறுப்புப் பட்டைகள் குறுக்கே தொடங்கும். வாலை நெருங்க நெருங்க இவை ஒன்றோடொன்று சேர்ந்து மீன் வலை விரித்தது போலத் தெரியும். முன்னே வெறும் நிறம், பின்னே வலை என்பது சாரையின் முக்கியமான அடையாளம். பாம்பு ஓடி மறையும்போது கடைசியாக நம் கண்ணில் படுவதும் இந்தப் பின்பாதிதான். மிகவும் கறுத்த சாரையில் மட்டும் இந்தக் கோலம் அவ்வளவாகத் தெரியாது.

நல்ல பாம்பின் வாலில் இப்படிப்பட்ட வலைக்கோலம் கிடையாது. அதன் அடையாளம் கழுத்தில் இருக்கிறது. படம் எடுக்கும்போது முதுகுப்புறம் மூக்குக் கண்ணாடி போன்ற குறியும், கழுத்தின் அடிப்புறம் அகலமான கரும்பட்டைகளும் தெரியும். சில நல்ல பாம்புகளில் இந்தக் கண்ணாடிக் குறி மங்கலாக இருக்கும். சிலவற்றில் இல்லாமலும் போகும். குறி இல்லை என்பதற்காக அதைச் சாரை என்று எண்ணிவிடக் கூடாது.

உதடும் கண்ணும்

சாரையின் மேலுதட்டிலும் கீழுதட்டிலும் செதில்களின் ஓரங்களில் செங்குத்தான கறுப்புக் கோடுகள் வரிசையாக இருக்கும். பேனாவால் கோடு கிழித்தது போல இவை தெளிவாகத் தெரியும். நல்ல பாம்பின் உதட்டில் இந்த வரிசைக் கோடுகள் இல்லை.

சாரையின் கண் பெரியது, பாவை வட்டமானது. தலை சற்று நீண்டு, கழுத்தைவிட அகலமாக இருப்பதால் கழுத்து எங்கே தொடங்குகிறது என்று சொல்லிவிடலாம். நல்ல பாம்பு படம் எடுக்காமல் போகும்போது தலையும் கழுத்தும் ஏறக்குறைய ஒரே அகலமாகத் தோன்றும். கண்ணும் சிறியது.

இந்த அடையாளங்களைப் பார்க்கப் பாம்பின் கிட்டே போகக் கூடாது. பத்தடிக்கு அப்பால் நின்று தெரிவதை மட்டும் பார்த்தால் போதும். சந்தேகம் இருந்தால் அதை நச்சுப் பாம்பாகவே கருதி விலகிவிட வேண்டும்.

சாரையும் தலை தூக்கும்

சாரை பகலில் நடமாடும் பாம்பு. 6, 7 அடி நீளம் சாதாரணம். அதைவிட நீண்டவையும் உண்டு. ஆளைக் கண்டால் வெகு வேகமாக ஓடிவிடும். மரம் ஏறும், நீந்தும். ஓட வழியில்லாமல் மடக்கப்பட்டால் மட்டும் முன்னுடலைத் தூக்கி, தொண்டையைப் புடைத்து, உறுமல் போன்ற ஒலி எழுப்பும். இதைப் பார்த்துப் படம் எடுப்பதாக எண்ணி அடித்துவிடுகிறார்கள்.

இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் எளியது. நல்ல பாம்பின் படம் முறம் போல அகலவாட்டில் விரியும். சாரையின் கழுத்தோ, பலகையை விளிம்பில் நிறுத்தினாற்போலப் பக்கவாட்டில் ஒடுங்கும். முன்னால் நின்று பார்த்தால் குறுகலாகவும், பக்கத்திலிருந்து பார்த்தால் பட்டையாகவும் இருக்கும்.

குட்டிகளை அடையாளம் காண்பது

சாரை முட்டையிடும் இனம். எலி வளை, புற்று, மக்கிய குப்பை போன்ற இடங்களில் இடும் முட்டைகள் சுமார் இரண்டு மாதத்தில் பொரிக்கும். குட்டிக்கும் தாய்க்கும் கோலம் வேறு. குட்டியின் முன்பாதியில் வெளிர் சாம்பல் அல்லது வெண்மை நிறத்தில் குறுக்குப் பட்டைகள் இருக்கும். வளர வளர இவை மறைந்துவிடும்.

இந்தப் பட்டைகளைக் கண்டு குட்டியைக் கட்டுவிரியன் என்று நினைப்பதுண்டு. கட்டுவிரியன் எண்ணெய் தடவியது போன்ற பளபளப்பான கறுப்பு நிறம். அதன் குறுக்கே மெல்லிய வெள்ளைக் கோடுகள், பெரும்பாலும் இரண்டிரண்டாக, ஓடும். தலை கழுத்திலிருந்து பிரிந்து தெரியாது. கண் சிறியது, கறுப்புத் தலையில் அது இருப்பதே தெரியாது. இரவில்தான் நடமாடும். சாரைக் குட்டிக்குப் பெரிய கண், பகலில் நடமாடும்.

வயலில் காணும் பிற பாம்புகள்

கண்ணாடி விரியன்: தடித்த உடல், முக்கோணத் தலை, குட்டை வால். முதுகில் சங்கிலி கோத்தது போல மூன்று வரிசைப் பெரும் புள்ளிகள் உண்டு. குக்கர் சத்தம் போலப் பலமாகச் சீறும். மிகக் கொடிய நஞ்சு உடையது.

சுருட்டை விரியன்: சிறிய பாம்பு. சொரசொரப்பான உடலில் வளைந்து வளைந்து செல்லும் வெளிர் கோடு இருக்கும். உடலைச் சுருட்டி உராய்ந்து, அரம் தேய்ப்பது போல ஒலி செய்யும். இதற்கும் நஞ்சு உண்டு.

தண்ணீர்ப் பாம்பு: வாய்க்கால், நாற்றங்கால் ஓரங்களில் காணப்படுவது. உடலில் சதுரங்கக் கட்டம் போன்ற புள்ளிகளும், கண்ணின் அடியிலும் பின்னாலும் சாய்ந்த இரண்டு கறுப்புக் கோடுகளும் இருக்கும். கோபக்காரப் பாம்பு, கடிக்கும். ஆனால் மனிதருக்கு ஆபத்தான நஞ்சு இல்லை.

சாரையைப் பற்றிய கதைகள்

சாரையின் வாலில் விஷம் இருக்கிறது, அது வாலால் அடித்த இடம் அழுகிவிடும் என்று சொல்வதுண்டு. இது தவறு. சாரைக்கு வாலிலும் விஷம் இல்லை, பல்லிலும் நச்சுப்பல் இல்லை.

மாட்டின் காலைச் சுற்றிக்கொண்டு மடியில் பால் குடிக்கும் என்பதும் உண்மையல்ல. பாம்பின் வாய் உறிஞ்சுவதற்கு ஏற்றதல்ல. அதன் பற்கள் ஊசி போன்றவை. மடியில் பட்டால் மாடு சும்மா நிற்காது. மாட்டுக் கொட்டிலுக்குச் சாரை வருவது அங்கே தீவனத்தைத் தேடி வரும் எலிக்காகத்தான்.

சாரையும் நல்ல பாம்பும் இணை சேரும் என்பது இன்னொரு கதை. இரண்டு பாம்புகள் பின்னிக்கொண்டு எழுந்து நிற்பதைப் பார்த்து இவ்வாறு சொல்கிறார்கள். பெரும்பாலும் அவை இரண்டும் ஆண் சாரைகள். தமக்குள் பலம் பார்த்து மல்லுக் கட்டுகின்றன. சாரையும் நல்ல பாம்பும் வெவ்வேறு இனங்கள், இணை சேர்வதில்லை. மேலும், நல்ல பாம்பு சாரையைப் பிடித்து விழுங்குவதும் உண்டு.

சென்னைக்கு அருகே வடநெம்மேலியில் இருளர்கள் 1978-ல் தொடங்கிய பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம், மருந்து தயாரிப்பதற்காக நஞ்சு எடுத்துத் தருகிறது. அதற்காக அவர்கள் பிடிப்பவை நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கும்தான். சாரையிடம் எடுக்க நஞ்சு இல்லை. ஒரு காலத்தில் தோலுக்காகச் சாரைகளை ஏராளமாகக் கொன்றார்கள். 1972-ம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின்படி இன்று சாரையைப் பிடிப்பதும் கொல்வதும் குற்றம்.

வயலில் செய்ய வேண்டியவை

சாரை தானாக வரும். நாம் அதைக் கெடுக்காமல் இருந்தால் போதும். வயலோரத்தில் ஒரு புற்றையோ புதரையோ விட்டு வையுங்கள். ஆனால் வீட்டையும் கொட்டிலையும் ஒட்டி விறகு, செங்கல், குப்பை குவிக்காதீர்கள். அங்கே எலி சேரும். எலியைத் தேடி எந்தப் பாம்பும் வரும்.

மருந்து தின்று செத்த எலிகளைப் பொறுக்கி ஆழப் புதைத்துவிடுங்கள். வெளியே கிடந்தால் அவற்றைத் தின்னும் மற்ற உயிர்களும் மடியக்கூடும். தோட்டத்தைச் சுற்றி நைலான் வலை கட்டியிருப்பவர்கள் அடிப்பகுதியைக் காலை மாலை பார்வையிடுங்கள். அதில் சிக்கும் பாம்பு எதுவாயினும் கையால் எடுக்க முயலாமல், தீயணைப்பு நிலையத்துக்கோ வனத்துறைக்கோ தகவல் கொடுங்கள். இரவில் தண்ணீர் பாய்ச்சப் போகும்போது டார்ச் விளக்கும், காலை மூடும் செருப்பும் கட்டாயம் வேண்டும். வைக்கோல் போரில் வெறுங்கையை விடாமல், முதலில் கம்பால் தட்டிப் பாருங்கள்.

கடித்துவிட்டால்

பாம்பு கடித்த பிறகு அது சாரையா, நாகமா என்று ஆராய்ந்து நேரத்தை வீணாக்கக் கூடாது. பாம்பைத் தேடி அடித்து எடுத்துக்கொண்டு போகவும் வேண்டியதில்லை. கடிபட்ட கை அல்லது காலை அசைக்காமல் வைத்து, மோதிரம், வளையல், கொலுசு இருந்தால் கழற்றிவிட்டு, 108-க்குச் சொல்லி உடனே அரசு மருத்துவமனைக்குக் கொண்டு செல்ல வேண்டும். இறுக்கிக் கட்டுவது, கீறுவது, வாயால் உறிஞ்சுவது, மந்திரம் போட அழைத்துச் செல்வது எல்லாம் கெடுதலே செய்யும். கட்டுவிரியன் கடித்தால் வலியோ வீக்கமோ பெரிதாக இராது. ஆகவே, வலி இல்லை என்பதை வைத்துக் கடித்தது சாரைதான் என்று வீட்டில் படுத்துவிடாதீர்கள்.

முன்பாதி வெறும் நிறம், பின்பாதி வலை, உதட்டில் கோடு, பெரிய கண். இந்த நான்கையும் வீட்டிலுள்ள பிள்ளைகளுக்கும், நடவுக்கும் அறுப்புக்கும் வருபவர்களுக்கும் சொல்லி வையுங்கள். அடையாளம் தெரிந்தால் சாரையை அதன் வழியில் விடுங்கள். தெரியாவிட்டால் நீங்கள் விலகி வழி விடுங்கள். இரண்டு வழியிலும் கம்புக்கு வேலையில்லை.