எட்டாவது பாதை

கல்யாண வீட்டுப் பந்தியில் கடைசி இலையில் உட்கார்ந்து சாப்பிட்ட அநுபவம் நேயர்களில் பலருக்கு இருக்கும். சாம்பார் வாளி முதல் இலையிலிருந்து புறப்பட்டு நம்மிடம் வந்து சேருவதற்குள் அதிலுள்ள தான் எல்லாம் தீர்ந்து போயிருக்கும். பாயசத்தில் முந்திரிப் பருப்பு தட்டுப்படாது. அப்பளம் போடுகிறவர் நம்மைக் கண்டதும், "இதோ கொண்டு வருகிறேன்!" என்று திரும்புவார். போனவர் போனவர்தான்!

நீச்சல் பந்தயத்திலும் இப்படி ஒரு கடைசி இலை உண்டு. அதற்கு எட்டாவது பாதை என்று பெயர். எட்டாவது பாதையில் நீந்துகிறவனுக்கு முதல் பரிசு எட்டாது என்பது நீச்சல் உலகத்தில் பொதுவான அபிப்பிராயம். 2022-ஆம் ஆண்டு டிசம்பர் 18-ஆம் தேதி மாலை, ஆஸ்திரேலியாவில் மெல்போர்ன் நகரில், அந்த இலையில் உட்கார வைக்கப்பட்ட பத்தொன்பது வயது வாலிபர் ஒருவர் பந்தியின் முதல் மரியாதையைத் தட்டிக்கொண்டு போய்விட்டார். அதுவும் எப்படி? வலது கையில் வீங்கிய விரலோடு!

சின்னக் குளம், பெரிய வேகம்

அந்த வாலிபரைப் பார்ப்பதற்கு முன்னால் அவர் நீந்திய குளத்தைக் கொஞ்சம் பார்த்துவிடுவோம்.

ஒலிம்பிக் பந்தயங்கள் நடக்கிற குளத்தின் நீளம் 50 மீட்டர். அதில் பாதியாக, 25 மீட்டர் நீளமே உள்ள குளத்தில் நடத்துகிற உலகப் போட்டி ஒன்றும் உண்டு. 1993-இல் ஸ்பெயின் தேசத்துப் பால்மா நகரில் ஆரம்பித்த இந்தப் போட்டியின் பதினாறாவது கூட்டந்தான் மெல்போர்னில் நடந்தது. முதலில் ரஷ்யாவில் கஸான் நகரத்தில் நடப்பதாக இருந்தது. உக்ரேன் யுத்தம் மூண்டதும் இடத்தை மாற்றிவிட்டார்கள்.

குளம் சின்னதானால் நீந்துவது சுலபம் என்று தோன்றும். சுலபமோ என்னவோ, வேகம் அதிகம் என்பது நிச்சயம். கிணற்றில் நீந்திப் பழகியவர்களுக்குக் காரணம் தெரியும். சுவரைக் காலால் உதைத்துக்கொண்டு கிளம்பும்போது உடம்பு அம்பு போலப் பாய்கிறதல்லவா? கையை வீசி நீந்துகிற வேகம் அதற்கு ஈடாகாது. 200 மீட்டர் பந்தயத்துக்குப் பெரிய குளத்தில் மூன்று தடவை திரும்பினால் போதும். சின்னக் குளத்தில் ஏழு தடவை திரும்ப வேண்டும். ஒவ்வொரு முறையும் தண்ணீருக்குள்ளேயே ஒரு குட்டிக்கரணம். இரண்டு பாதங்களாலும் சுவரில் ஓர் உதை. பிறகு மீன் மாதிரி நீருக்கடியில் ஒரு பாய்ச்சல். 15 மீட்டருக்குள் தலை வெளியே தெரிய வேண்டும் என்பது விதி.

இனி, பாதைகளின் கதை. காலையில் பூர்வாங்கப் பந்தயங்கள் நடக்கும். அவற்றில் மிக வேகமாக வந்த எட்டுப் பேர் மாலையில் இறுதிப் பந்தயத்துக்கு வருவார்கள். முதலில் வந்தவருக்கு நடுவே நாலாவது பாதை, இரண்டாமவருக்கு ஐந்தாவது, இப்படியே இரு பக்கமும் பகிர்ந்துகொண்டு போய், கடைசியாக வந்தவரை எட்டாவது பாதையில் தள்ளிவிடுவார்கள்.

அங்கே என்ன கஷ்டம்? முன்காலத்தில் அலைதான் பெரிய கஷ்டமாக இருந்தது. கிணற்றில் நாலு பையன்கள் ஒரே சமயத்தில் குதித்தால் அலை சுவரில் மோதித் திரும்பி வந்து முகத்தில் அறைவதைப் போல, ஓரத்தில் நீந்துகிறவனை அலை அலைக்கழிக்கும். இந்தக் காலத்துக் குளங்களில் அலையை அடக்குகிற மிதவைக் கயிறுகள் வந்துவிட்டன. ஆனால், இன்னொரு கஷ்டம் தீரவில்லை. நடுவில் இருப்பவர்கள் ஒருவரையொருவர் கடைக்கண்ணால் பார்த்துக்கொண்டே நீந்துவார்கள். ஓரத்தில் இருப்பவனோ ஒற்றை ஆள். நாலாவது பாதைக்காரர் எங்கே போகிறார் என்பது அவனுக்குத் தெரியாது.

பழைய கணக்கு

நம்முடைய ஒற்றை ஆளின் பெயர் ஹ்வாங் சுன்வூ. கொரியாக்காரர்கள் குடும்பப் பெயரை முன்னால் வைத்துக்கொள்ளுகிறவர்கள். ஆகவே ஹ்வாங் என்பது வீட்டுப் பெயர். தென் கொரியாவில் சுவோன் நகரத்தில் பிறந்தவர். அந்த நாட்டில் நீச்சல் என்றால் அதுவரை ஒரே பெயர்தான்: 2008-இல் பீஜிங் ஒலிம்பிக்கில் 400 மீட்டர் தங்கப் பதக்கம் வாங்கிய பார்க் டே ஹ்வான். அவருக்குப் பிறகு யார் என்று ஏங்கிக்கொண்டிருந்த ஜனங்களுக்கு இந்தப் பையன் அகப்பட்டான்.

2021-இல் டோக்கியோ ஒலிம்பிக். ஹ்வாங்குக்கு வயது பதினெட்டு. 200 மீட்டர் பூர்வாங்கப் பந்தயத்திலேயே பார்க்கினுடைய தேசிய ரிக்கார்டை முறித்துவிட்டார். இறுதிப் பந்தயத்திலே, ஆரம்பம் முதல் பிசாசு பிடித்தவர்போல் பாய்ந்தார். 50 மீட்டரில் முதல். 100 மீட்டரில் முதல். 150 மீட்டரிலும் முதல்! மீதி இருந்ததோ 50 மீட்டர். அங்கேதான் கை கனத்தது. கால் மறுத்தது. ஒவ்வொருவராக அவரைத் தாண்டிப் போனார்கள். ஏழாவதாக வந்து சுவரைத் தொட்டார்.

அன்று தங்கம் வாங்கியவர் இங்கிலாந்துக்காரரான டாம் டீன். நாலாவதாக வந்தவன் ருமேனியாவைச் சேர்ந்த பதினாறு வயதுச் சிறுவன். டேவிட் பொப்போவிச் என்று பெயர். இந்த இரண்டு பெயர்களையும் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

2022-ஆம் வருஷம் ஜூன் மாதம் புடாபெஸ்ட் நகரில் பெரிய குளத்தில் உலகப் போட்டி. இந்தத் தடவை பொப்போவிச் முதல், ஹ்வாங் இரண்டாவது. இருவருக்கும் நடுவே ஒன்றேகால் வினாடி தூரம். ஆகஸ்டில் பொப்போவிச் 100 மீட்டரில் உலக ரிக்கார்டும் ஏற்படுத்தினார். இனி இவரை யார் பிடிப்பது என்று உலகம் பேசிக்கொண்டிருந்த சமயத்திலேதான் மெல்போர்ன் வந்தது.

விரலுக்கு வந்த வினை

மெல்போர்னில் டிசம்பர் 16-ஆம் தேதி நாலு பேர் சேர்ந்து நீந்துகிற தொடர் நீச்சல் நடந்தது. குளத்தின் சுவரில் ஒரு மெல்லிய பலகை பதித்திருப்பார்கள். நீந்தி வருகிறவர் கையால் அதை அழுத்தினால்தான் கடிகாரம் நிற்கும். ஆகவே, மெதுவாகத் தொடுகிற வழக்கம் கிடையாது, ஓங்கி அடிப்பார்கள். ஹ்வாங் அடித்த அடியில் அவருடைய வலது கை நடுவிரலே அடிபட்டது. விரல் வீங்கிவிட்டது.

நடுவிரல் ஒன்றுதானே என்று சொல்லத் தோன்றும். சோறு பிசையும்போது நடுவிரலில் அடிபட்டிருந்தால் என்ன பாடு என்பதை நினைத்துப் பாருங்கள். நீந்துகிறவனுக்கு உள்ளங்கைதான் துடுப்பு. ஒவ்வொரு வீச்சிலும் தண்ணீரைப் பிடித்து இழுக்க வேண்டும்; ஒவ்வொரு தடவையும் வலி சுரீரென்று ஏறும். பந்தயத்திலிருந்து விலகிவிடலாமா என்று கூட யோசித்ததாகப் பின்னால் அவரே சொன்னார்.

விலகவில்லை. 18-ஆம் தேதி காலையில் பூர்வாங்கப் பந்தயத்தில் இறங்கினார். எட்டாவதாகத் தேறினார். இன்னும் ஒரே ஒருவர் அவரைவிட வேகமாக வந்திருந்தால் மாலையில் அவருக்கு வேலை இல்லை. கடைசி இலை கிடைத்தது.

அந்த மாலைப் பொழுது

மாலையில் எட்டுப் பேரும் மேடையில் ஏறி நின்றார்கள். எல்லார் கண்ணும் நடுப் பாதைகளின் மேலே இருந்தது. மணி ஒலித்தது, எட்டு உடல்கள் பாய்ந்தன.

ஓரத்தில் இருந்தவர் யாரையும் பார்க்கவில்லை, பார்க்கவும் முடியாது. தம்முடைய நீச்சலை நீந்தினார். டோக்கியோவில் செய்தது போலவே முன்னால் பாய்ந்தார். பார்த்துக்கொண்டிருந்த கொரியாக்காரர்களுக்கு வயிற்றில் புளியைக் கரைத்திருக்கும். "ஐயோ, மறுபடியும் அதே கதையா!" என்று நினைத்திருப்பார்கள்.

ஆனால் ஒன்றரை வருஷம் சும்மா போகவில்லை. ஒவ்வொரு சுவரிலும் குட்டிக்கரணம், உதை, பாய்ச்சல். திரும்புகிற இடத்தில் வேலை காலுக்குத்தான், விரலுக்கு இல்லை. சின்னக் குளம் அவருக்குச் செய்த உபகாரம் அது. 150 மீட்டரில் முன்னால் இருந்தார். டோக்கியோவில் கைவிட்ட அந்தக் கடைசி 50 மீட்டர் வந்தது. இந்தத் தடவை கை கனக்கவில்லையா? கனத்துத்தான் இருக்கும். ஆனால் யாரும் தாண்டவில்லை. அதே வீங்கிய விரல் உள்ள கையோடு போய்ச் சுவரில் அடித்தார்.

1 நிமிஷம் 39.72 வினாடி! அந்தப் போட்டியின் சரித்திரத்திலேயே அதுவரை யாரும் காணாத வேகம். ஆசியாவின் ரிக்கார்டும் அதுதான். பொப்போவிச் இரண்டாவது: 1 நிமிஷம் 40.79 வினாடி. ஒலிம்பிக் வீரர் டாம் டீன் மூன்றாவது: 1 நிமிஷம் 40.86 வினாடி. டோக்கியோவில் தமக்கு முன்னால் போன இருவரையும் ஒரே பந்தயத்தில் பின்னால் விட்டுவிட்டார்!

அப்போதிருந்த உலக ரிக்கார்டு ஜெர்மானியரான பால் பீடர்மான் 2009-இல் ஏற்படுத்தியது: 1 நிமிஷம் 39.37 வினாடி. உடம்பைத் தண்ணீரில் மிதக்க வைக்கிற விசேஷ உடைகள் அநுமதிக்கப்பட்ட காலம் அது. மறு வருஷமே அவற்றைத் தடை செய்துவிட்டார்கள். ஹ்வாங் சாதாரண உடையில் அதற்கு 0.35 வினாடி அருகில் போனார். 2024 டிசம்பரில் அமெரிக்கரான லூக் ஹாப்சன்தான் அந்த ரிக்கார்டைக் கடைசியாக முறித்தார்.

ஒன்பதாவது ஆள்

கதையை இங்கேயே முடித்துவிட்டால் எல்லாருக்கும் சந்தோஷந்தான். ஆனால் நீச்சல் குளம் கதாசிரியரைக் கேட்டுக்கொண்டு நடப்பதில்லை.

2024 பிப்ரவரியில் தோஹா நகரில் பெரிய குளத்திலும் ஹ்வாங் 200 மீட்டர் உலகப் பட்டம் வென்றார். அதே ஆண்டு ஜூலையில் பாரிஸ் ஒலிம்பிக். அரை இறுதிப் பந்தயத்தில் அவர் வந்த இடம் ஒன்பது. எட்டாமவருக்கும் அவருக்கும் உள்ள வித்தியாசம் 0.04 வினாடி. கண்ணை ஒரு தடவை இமைப்பதற்கு அதைவிட அதிக நேரம் ஆகும்! மறுநாள் இறுதிப் பந்தயம் அவர் இல்லாமலே நடந்தது. தங்கம் பொப்போவிச்சுக்குப் போயிற்று.

மெல்போர்னில் காலைப் பந்தயம் முடிந்தபோது, எட்டாவது பாதை கிடைத்ததே என்று அவர் வருத்தப்பட்டாரோ என்னவோ. பாரிஸில் அந்தப் பாதைக்காக எதையும் கொடுத்திருப்பார்.

ஆகையால் நேயர்களே, அடுத்த முகூர்த்தத்தில் உங்களுக்குக் கடைசி இலை கிடைத்தால் முகத்தைச் சுளித்துக்கொண்டு எழுந்து போய்விடாதீர்கள். வாசலிலே இலையே கிடைக்காமல் ஒருவர் நின்றுகொண்டிருக்கலாம்.