மன்னார்குடி மகளும் சென்னைத் தமிழும்

கொருக்குப்பேட்டைச் சரக்கு இரயில் நிலையத்தைச் சூழ்ந்த தெருக்களின் பேச்சைக் கொச்சையென்று நகைப்போர் உளர். நம் பிள்ளைகளே கல்லூரி வாயிலை அடைந்ததும் அதனை மறைத்துக்கொள்வதைக் காண்கின்றோம். அப்பேச்சைத் தம் சொந்தக் குரலில் பாடித் தமிழகமெங்கும் ஒலிக்கச் செய்தவர் நடிகை மனோரமா. படம் 1968இல் வெளிவந்த ‘பொம்மலாட்டம்’.

அவரோ இவ்வூரினர் அல்லர். 1937இல் மன்னார்குடியில் பிறந்தார், இயற்பெயர் கோபிசாந்தா. தந்தை கைவிடவே, தாயுடன் செட்டிநாட்டுப் பள்ளத்தூரில் வளர்ந்தார். வறுமை பள்ளிப் படிப்பை நிறுத்தியது. பன்னிரண்டு வயதில் மேடை ஏறினார். மணமான பின்பும், மகன் பிறந்த சிறிது காலத்திலேயே கணவர் பிரிந்தார். பிள்ளையையும் தாயையும் காத்தது நடிப்பே.

கண்ணதாசனின் ‘மாலையிட்ட மங்கை’ (1958) முதற்படம். ‘கொஞ்சும் குமரி’யில் (1963) கதாநாயகியானார், எனினும் பின்னர் வந்தவை பெரும்பாலும் துணை வேடங்களே. அவரைச் சிரிப்பு நடிகை என்று மட்டும் கூறுவது நமக்கு உடன்பாடன்று. ‘தில்லானா மோகனாம்பா’ளின் ஜில் ஜில் ரமாமணி கலகலவென்று பேசுகிறாள், அப்பேச்சினூடே ஊர் ஊராய் அலையும் நாடகக்காரியின் தனிமை தெரிகிறதன்றோ? அது அவர் பட்டறிந்த வாழ்வு.

‘புதிய பாதை’ (1989) துணை நடிகைக்கான தேசிய விருதைத் தந்தது. ஆயிரத்துக்கு மேற்பட்ட படங்கள், தொலைக்காட்சித் தொடர்கள், 2002இல் பத்மஸ்ரீ என நீண்ட அப்பணி, 2015 அக்டோபர் 10இல் அவர் மறைவோடு முடிந்தது.

நம் பகுதித் திருமண வீடுகளில் ‘பொம்மலாட்டம்’ பாட்டை ஒலிபெருக்கியில் வைத்தால், முதியோரின் உதடுகள் இன்றும் உடன் அசைகின்றன.