வினாச் சொல் நிற்கும் இடம்

"நீ எங்கே போகிறாய்?" என்று கேட்டால், "நான் கல்லூரிக்குப் போகிறேன்" என்பது விடை. 'கல்லூரிக்கு' என்னும் சொல் வரவேண்டிய இடத்திலேயே 'எங்கே' நிற்கிறது. பேருந்தில் துண்டு போட்டு இடம் பிடிப்பதுபோல், விடைக்காக வினாச் சொல் இடம் பிடித்து வைக்கிறது! சீனமும் ஜப்பானியமும் இவ்வாறே.

ஆங்கிலத்திலோ வேலை இரண்டு. 'வேர்' என்னும் வினாச் சொல் வாக்கியத்தின் தலைக்கு வரவேண்டும். துணைவினை எழுவாயைத் தாண்டி முன்னே வரவேண்டும். "வேர் ஆர் யூ கோயிங்?" துணைவினை இல்லையேல் 'டூ' என்பதைக் கடன் வாங்க வேண்டும். வினாச் சொல்லே எழுவாயானால் இவை எதுவும் வேண்டா: "ஹூ கேம்?" வினா வேறொரு வாக்கியத்தினுள் அடங்கினால் எழுவாயைத் தாண்டுதல் கூடாது: "ஐ டோன்ட் நோ வேர் ஹி இஸ்."

ஆங்கிலத்திற்கும் ஒரு குறை உண்டு. "நீ எத்தனையாவது பிள்ளை?" என்பதில் உள்ள 'எத்தனையாவது' என்பதற்கு அங்கே வழக்கில் ஒரு சொல் இல்லை. அதன் இனமொழியான ஜெர்மனில் 'வீஃபீல்ட' என்று இருக்கிறது.

தமிழ் வழியில் பயின்று வந்த நம்மில் பலர் வகுப்பில் வாய் திறவாதிருப்பதற்கு இந்த இடமாற்றமும் ஒரு காரணம் என்பேன். ஐயம் தெளிவாகவே இருக்கும். வாக்கியத்தை மனத்துள் புரட்டி முடிப்பதற்குள் கரும்பலகை அழிந்துவிடும். என் வீட்டில் கல்லூரிப் படி மிதித்த முதல் ஆள் நான். இயற்பியலில் ஓர் ஐயமென்றால் வீட்டில் யாரைக் கேட்பது?

ஆசிரியப் பெருமக்கள் பாடம் முடிந்ததும் ஐந்து நிமிடம், தமிழிலேயே ஐயம் கேட்க இடந்தர வேண்டுகிறேன்.